அன்னார்

பேப்பர் அண்ணையை முதல்முறை சந்திக்கிறவர்கள் கை குலுக்குவதற்கு முன் கொஞ்சம் தயங்குவார்கள். ஆர் மோசம் போனது என்று கேட்பதா, விடுவதா என்ற தயக்கம். அப்படி ஒரு முகம் அவருக்கு. கன்னம் இரண்டும் கீழே இழுபட்டு, கண் எப்போதும் கொஞ்சம் ஈரமாக, செத்தவீட்டு வாசலில் நிற்கிற மூத்த மருமகனின் முகம். அந்த முகத்தை வைத்துக்கொண்டு மொன்றியல் தமிழர்களைப் பல வருடங்கள் வயிறு நோகச் சிரிக்க வைத்தார். தான் மட்டும் சிரித்ததில்லை. ஏன் அண்ணை என்று ஒருமுறை கேட்டேன். நானும் சிரிக்கத் தொடங்கினால் பேந்து ஆர் பேப்பரைப் பார்க்கிறது என்று திருப்பிக் கேட்டார்.

பார்க் எக்ஸ்ரென்சனில் எங்களுக்கு அப்போது ஒரு டெப்பனர் இருந்தது. பாலும் பியரும் லொத்தரும் விற்கிற மூலைக்கடை. கடைக்குப் பின்னால் வெறும் போத்தல் பெட்டிகளை அடுக்குகிற அறையில்தான் அவருடைய பத்திரிகை அலுவலகம் நடந்தது. ஆசிரியர், நிருபர், விளம்பரம் சேர்க்கிறவர், கட்டுத் தூக்கிக்கொண்டு கடை கடையாகப் போகிறவர் எல்லாம் அவர் ஒருவர்தான். இலவசப் பத்திரிகை. தமிழ்க் கடைகளின் வாசலில் கிடக்கும், சனம் மரக்கறியோடு சேர்த்து அள்ளிக்கொண்டு போகும்.

பத்திரிகையில் பாதி மரண அறிவித்தல். எங்கள் ஆட்களின் மரண அறிவித்தலுக்கு ஒரு வாய்ப்பாடு உண்டு. இந்த ஊரைப் பிறப்பிடமாகவும் மொன்றியலை வதிவிடமாகவும் கொண்டவர் என்று தொடங்கும். பிறகு ‘அன்னார்’ வரும். அன்னார் இன்னாரின் அன்பு மகனும், இன்னாரின் பாசமிகு தந்தையும், இன்னாரின் மைத்துனரும் ஆவார் என்று போகும். இந்த அன்னாரை வேறு எந்த இடத்திலும் நாங்கள் பாவிப்பதில்லை. உயிரோடு இருக்கிற ஒருவரை அன்னார் என்று சொல்லிப்பாருங்கள், அடிக்க வருவார். பேப்பர் அண்ணை வாரக்கணக்கில் அன்னார் எழுதி எழுதி, கடைசியில் சாமான் துண்டிலும் ‘பால், பாண், அன்னார்’ என்று எழுதுவார் போலிருந்தது.

அவருடைய குறும்பு வெளியே தெரியவந்தது அவரது கார் செத்தபோதுதான். வெள்ளையன் என்று அந்தக் காருக்குப் பெயர். திறப்பைப் போட்டு நாலைந்து தரம் திருகினால்தான் எழும்பும். அடுத்த இதழில் மூன்றாம் பக்கத்தில் கறுப்புக் கரை கட்டி ஒரு அறிவித்தல் வந்தது. யப்பானைப் பிறப்பிடமாகவும், பார்க் எக்ஸ்ரென்சன் தெருவோரத்தை வதிவிடமாகவும் கொண்ட வெள்ளையன் கடுங்குளிரில் காலமானார். அன்னார் ஊராரின் சாமான்களைச் சுமந்தவரும், பலரால் தள்ளப்பட்டவரும், ஒருநாளும் முதல் திறப்பில் எழும்பாதவரும் ஆவார்.

பாதிச் சனம் சிரித்தது. மீதிச் சனம் எங்கள் கடைக்குத் துக்கம் விசாரிக்க வந்தது. செத்தவீட்டுக்குப் போக எங்களுக்கு அழைப்புத் தேவையில்லை, காதில் விழுந்தால் போதும். கலியாணவீடு அப்படியில்லை. வீடு தேடி வந்து வாயால் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் தம்பியின் கலியாணத்துக்கும் தமையன் போகமாட்டான்.

அன்றைக்கு வந்தவர்களில் ஒருவர் இல்-பிசாரில் மகள் வீட்டில் இருந்த வயதான ஐயா. அந்தத் தீவில் பஸ்ஸைக் காண்பதே அருமை. அவர் பஸ் மாறி மாறி, கறுப்புக் காற்சட்டையோடு வந்து, பால் குளிரூட்டிக்குப் பக்கத்தில் கதிரை போட்டு இருந்துவிட்டார். என் மனைவி வசந்தி தேத்தண்ணி கொடுத்து, எந்த வெள்ளையனுக்காக வந்தீர்கள் என்று கேட்டாள்.

"ஆரெண்டு தெரியாது பிள்ளை. ஒருநாளும் முதல் திறப்பிலை எழும்பாதாம். பாவம், என்ன வருத்தமோ."

அதற்குப் பிறகு அவர் எங்களுக்குப் பிசார் ஐயா. பேப்பர் அண்ணை எழுதியதில் ஒரு எழுத்தையும் விடாமல் நம்பிய ஒரே வாசகர் அவர்தான்.

அண்ணையின் பகிடிகள் எல்லாமே எல்லோருக்கும் இனித்தன என்று சொல்லமாட்டேன். ஊரில் சண்டை ஓய்ந்து, ஊருக்குப் போகிற, பூட்டிக் கிடந்த ஏ ஒன்பது பாதை இன்றைக்குத் திறக்கும் நாளைக்குத் திறக்கும் என்று எல்லோரும் ரெலிபோனும் கையுமாக இருந்த நாட்கள். முதல் பக்கத்தில் கொட்டை எழுத்தில் ‘பாதை திறந்தது’ என்று போட்டார். மத்தியானத்துக்குள் ஒரு கடையிலும் ஒரு பிரதி இல்லை. உள்ளே படித்தால், ஆற்றில் பனிக்கட்டி கரைந்துவிட்டதால் இல்-பிசாரிலிருந்து லவாலுக்குப் போகிற பாதை இந்த வருடத்துக்குத் திறந்துவிட்டது என்று இருந்தது. கம்பியில் இழுபட்டு ஆட்களையும் வாகனங்களையும் அக்கரை சேர்க்கிற மிதவையை எங்கள் பக்கத்தில் பாதை என்றுதான் சொல்வோம். ஆகவே சொல்லில் பிழை பிடிக்க முடியாது. ஊருக்குப் போக ரிக்கற் விசாரித்த ஒருவர் பத்திரிகையைச் சுருட்டிக்கொண்டு அடிக்க வந்தார். பேப்பர் அண்ணை அந்த முகத்தோடு வெளியே வந்து, நானும் உங்களைப்போல் நம்பித்தான் தலைப்புப் போட்டேன் என்றார். வந்தவர் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு ஒரு பால் பெட்டி வாங்கிக்கொண்டு போய்விட்டார். எனக்கும் அன்றைக்கு அவர்மேல் கோபம்தான். என் தாய் அந்தப் பாதைக்கு அந்தப் பக்கம் இருந்தார்.

பிசார் ஐயா மட்டும் மகிழ்ந்து போனார். அவருக்கு உண்மையாகவே லவாலுக்குப் போக வேண்டியிருந்தது.

ஒரு சங்கத்தின் ஆண்டு விழாவில் பேப்பர் அண்ணையைச் சிறப்புரைக்குக் கூப்பிட்டார்கள். புலம்பெயர் மண்ணில் தமிழின் எதிர்காலம் என்று தலைப்பு. மேடை ஏறியவர், பிந்தி வந்ததற்கு மன்னிப்புக் கேட்டு, ஏன் பிந்தியது என்று சொல்லத் தொடங்கினார். லொங்குய்யில் விளம்பரம் கேட்கப் போனதில் தொடங்கி, மஞ்சள் மெத்ரோ நின்றது, பக்கத்தில் இருந்த மனிசி பூனையை மடியில் தந்துவிட்டு இறங்கியது, பூனைக்குப் பிரெஞ்சு மட்டும் விளங்கியது என்று போய், மண்டப வாசலுக்கு அவர் வந்து சேர்ந்தபோது நேரம் முடிந்துவிட்டது. நன்றி வணக்கம் என்று இறங்கினார். சனம் கண்ணீர் வரச் சிரித்தது. தமிழின் எதிர்காலம் பற்றி ஆழமாகப் பேசினார் என்று தலைவர் பொன்னாடை போர்த்தினார்.

அந்தக் காலத்தில்தான் ‘பிரெஞ்சு பழகுவோம்’ என்ற பகுதியை அவர் தொடங்கினார். இங்கே ஆளை ஆள் கண்டால் ‘சவா’ என்று கேட்பார்கள், நலமோ என்று கருத்து. பேப்பர் அண்ணை அதற்கு எழுதிய விளக்கம் வேறு. இவர்கள் உங்களைப் பார்த்துச் சவமா என்று கேட்கிறார்கள், தை மாதம் பஸ் தரிப்பில் நிற்கிற ஒருவரிடம் கேட்க வேண்டிய கேள்விதான், கோபிக்க வேண்டாம் என்று எழுதியிருந்தார்.

இரண்டு வாரம் கழித்து றெஜினா அக்கா கடைக்குள் வந்தார். மன்னார்ப் பக்கத்து வேதக்காரர், கத்தோலிக்கர். புவாண்ட்-கிளேரில் ஒரு கார்டெரியில் சின்னப்பிள்ளைகளைப் பார்க்கிற வேலை, ஞாயிற்றுக்கிழமைகளில் கோயில் பாடகர் குழு. தம்பிமார் எல்லோரையும் இங்கே கூப்பிட்டுக் கரை சேர்த்துவிட்டுத் தான் தனியாக இருந்தவர். சிரிப்பு அவருக்கும் லேசில் வராது. கையில் பத்திரிகை சுருட்டி இருந்தது.

"ஆர் இதை எழுதினது? பேத்தியைக் கூட்ட வந்த ஐயா ஒருத்தரிட்டை எங்கடை பொறுப்பாளர் சவா எண்டு கேட்டவ. அந்த மனிசன் நெஞ்சிலை கைவைச்சு, இல்லைப் பிள்ளை, இன்னும் இருக்கிறன் எண்டு அழுதிட்டுது."

எந்த ஐயா என்று எங்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. பேப்பர் அண்ணை பெட்டிகளுக்கு நடுவிலிருந்து எழும்பி வந்து நின்றார். றெஜினா அக்கா அந்த முகத்தைப் பார்த்தார். ஏசுவதற்கு எடுத்த மூச்சை விட்டுவிட்டுப் பையைத் திறந்தார். பிள்ளைகளுக்கு மூக்குத் துடைத்துப் பழகிய கை, ஒரு ரிசுக் கடதாசியை எடுத்து நீட்டியது. அழ வேண்டாம், அடுத்த முறை திருத்திப் போட்டால் காணும் என்று சொல்லிவிட்டுப் போனார். பேப்பர் அண்ணை அழவில்லை என்று சொல்ல நான் வாய் திறந்தேன். வசந்தி காலை மிதித்தாள்.

அடுத்த இதழில் திருத்தம் வந்தது. ‘சவா என்றால் சவமா என்று பொருளல்ல. சவம் அல்லாதவர்களிடம் மட்டுமே இதைக் கேட்பார்கள்.’ இது பிழையென்று றெஜினா அக்கா மறுபடி வந்தார். திருத்தத்துக்குத் திருத்தம் வந்தது. அதுவும் பிழை. அந்த வருடம் முழுக்க எங்கள் பத்திரிகையில் செய்தியை விடத் திருத்தம் கூட. பேப்பர் அண்ணை வேண்டுமென்றுதான் பிழை விடுகிறார் என்று எனக்கு விளங்கக் கனகாலம் எடுத்தது. வசந்திக்கு முதல் திருத்தத்திலேயே விளங்கிவிட்டதாம்.

ஒருநாள் அவர் றெஜினா அக்காவிடம் கலியாணம் செய்வோமா என்று கேட்டார். பால் குளிரூட்டிக்கு முன்னால், பத்துப் பேர் வந்து போகிற நேரத்தில், அதே முகத்தோடு. நான் சிரித்தேன். லொத்தர் சுரண்டிக்கொண்டு நின்ற ஒருவரும் சிரித்தார். றெஜினா அக்கா சிரிக்கவில்லை.

"முந்தி ஒருக்கால் எனக்கு நாள் குறிச்சுச் சீலையும் எடுத்தது. மாப்பிளை வரேல்லை. சனம் எப்பிடியோ முதலே அறிஞ்சு வராமல் நிண்டிட்டுது. கோயிலிலை நானும் தம்பிமாரும் பூசை வைக்கிற சுவாமியும்தான். வெறுங் கோயிலிலை இன்னொருக்கால் நான் நிக்கமாட்டன்."

பிறகு நிபந்தனையைச் சொன்னார். கோயில் நிறையச் சனம் வேண்டும். அவ்வளவு பேருக்கும் முன்னால் ஒரு பகிடியும் விடாமல் ‘ஓம்’ என்று ஒரு சொல் சொல்ல வேண்டும். கோயில் வெறுமையாக இருந்தால் வாசலோடு திரும்பிவிடுவார். பகிடி விட்டால், பாதிப் பூசையிலும் திரும்பிவிடுவார்.

பேப்பர் அண்ணை கலியாணம் சொல்லப் புறப்பட்டார். முறைப்படி வீடு வீடாக, நல்ல சேட்டுப் போட்டுக்கொண்டு. அந்த முகத்தோடு வாசலில் நின்று, எனக்குக் கலியாணம், சனிக்கிழமை பத்து மணிக்குக் கட்டாயம் வாருங்கள் என்றார். சனம் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. ஒரு வீட்டில், இன்னொருமுறை சொல்லுங்கோ, மாமி உள்ளே நின்றவ, கேட்கவில்லை என்று சொல்லி மாமியைக் கூட்டி வந்தார்களாம். எல்லா வீட்டிலும் தேத்தண்ணி கிடைத்தது. ஒருவரும் நம்பவில்லை.

திரும்பி வந்து போத்தல் பெட்டியில் குந்தினார். துக்கம் வந்தபோதும் அவருக்கு அதே முகம்தான், ஆகவே நான் முதலில் கவனிக்கவில்லை.

"ஒருத்தரும் வராயினம் தம்பி. அவ வாசலோடை திரும்பிப் போயிடுவா."

குரல் உடைந்திருந்தது. எத்தனையோ வருடம் பழகிய மனிதரின் குரலை அன்றைக்குத்தான் முதலில் கேட்டதுபோல் இருந்தது எனக்கு. பேப்பரில் போடுங்கோ அண்ணை என்றேன். வேறு என்ன சொல்ல?

போட்டார். பத்திரிகை ஆசிரியர் வரும் சனிக்கிழமை காலை பத்து மணிக்குக் கோயிலில் செல்வி றெஜினாவைக் கைப்பிடிக்கிறார் என்று ஒழுங்காகத்தான் தொடங்கியிருந்தது. அதற்குப் பிறகு கை பழக்கத்தில் போய்விட்டது. ‘அன்னாரின் ஆசை, எல்லோரும் வர வேண்டும் என்பதே. இவ்வறிவித்தலை உற்றார், உறவினர், நண்பர்கள் அனைவரும் ஏற்றுக்கொள்ளவும்.’ பகிடி விடக்கூடாது என்ற பயத்தில் ஒரு பூவும் இல்லாமல், சுற்றி ஒரு கோடு மட்டும் கட்டியிருந்தார். கறுப்புக் கோடு. வேறு நிறத்தில் அச்சடிக்க அந்தப் பத்திரிகைக்கு வசதி இல்லை.

அதோடு மனிதர் அறைக் கதவைப் பூட்டிக்கொண்டார். பகிடி வராமல் இருக்கப் பழகுகிறாராம். ரெலிபோன் எடுத்தால் வாயில் ஏதாவது வந்துவிடும் என்று அதையும் எடுக்கவில்லை.

அந்தக் கிழமை கடைக்கு வந்த சனம் வழமைக்கு மாறாக மெதுவாகக் கதைத்தது. சனிக்கிழமைதானோ என்று கேட்டார்கள். ஓம், பத்து மணிக்கு, கட்டாயம் வாருங்கள் என்றேன். வராமல் விடுவோமோ, எங்களை எவ்வளவு சிரிக்க வைத்த மனிதன் என்றார்கள். ஒரு அம்மா என் கையைப் பிடித்து, நீங்கள்தான் கடைசிவரைக்கும் பக்கத்தில் நின்றீர்கள் என்றார். மாப்பிள்ளைத் தோழனைச் சொல்கிறாராக்கும் என்று நினைத்து, அது என் கடமை என்றேன்.

சனிக்கிழமை நானும் வசந்தியும் கோயிலுக்குப் போனபோது கார் விட இடமில்லை. உள்ளே இருக்க இடமில்லாமல் சனம் சுவரோரம் நின்றது. எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. வசந்திதான் முழங்கையால் இடித்தாள். இவள் ஒருத்தியைத் தவிரப் பட்டுச்சேலை உடுத்தவர் ஒருவருமில்லை. எல்லாம் வெள்ளையும் கறுப்பும், கையில் கைக்குட்டை. முன் வரிசையில் பிசார் ஐயா. மடியில் ஒரு மலர்வளையம். அதில் ‘கண்ணீர் அஞ்சலி’ என்று நாடா.

பக்கத்தில் நின்றவரிடம் கேட்டேன். கார் செத்ததற்கு மனிதன் செத்ததுபோல் எழுதினவர், தான் சாகிறபோது என்ன எழுதுவார், கலியாணம் என்றுதானே எழுதுவார் என்றார் அவர். வீடு வீடாக வந்தது பயணம் சொல்லத்தானாம், அப்போது விளங்கவில்லையாம். ‘அன்னார்’ என்று தன் கையாலேயே போட்டுவிட்டாராம், அதற்கு மேல் என்ன அத்தாட்சி வேண்டும்? கடைசி நேரத்தில் வேதத்துக்கு மாறியிருக்கிறார், செல்வி றெஜினா என்பது கடைசியில் அவரைப் பராமரித்த நேர்ஸாக இருக்கும். கலியாணத்துக்குச் சொல்லியும் வராத சனம், செத்தவீட்டுக்குச் சொல்லாமலே வந்திருந்தது.

அந்த நேரம் பக்கக் கதவால் மாப்பிள்ளை நடந்து வந்தார்.

கோயில் முழுக்கக் கைக்குட்டைகள் பாதி வழியில் நின்றன. பேப்பர் அண்ணை சனத்தைப் பார்த்தார், உடுப்புகளைப் பார்த்தார், மலர்வளையத்தைப் பார்த்தார், நாடாவை வாசித்தார். அவருக்கு எல்லாம் விளங்கியது எனக்குத் தெரிந்தது. வாழ்நாள் முழுக்கப் பகிடி எழுதிய மனிதனுக்கு முன்னால் உலகத்திலேயே பெரிய பகிடி வந்து உட்கார்ந்திருக்கிறது. வாசலில் றெஜினா அக்கா, சந்தன நிறச் சேலையில், தம்பியின் கையைப் பிடித்துக்கொண்டு அவரையே பார்க்கிறார்.

பிசார் ஐயா தட்டுத்தடுமாறி எழும்பினார். மலர்வளையத்தை நெஞ்சோடு அணைத்தபடி, தனக்குத் தெரிந்த ஒரே பிரெஞ்சுச் சொல்லைக் கேட்டார்.

"சவா, தம்பி?"

அண்ணையின் வாய் திறந்தது. நான் கண்ணை மூடிக்கொண்டேன். அந்தக் கேள்விக்கு அவரிடம் நூறு பதில் இருக்கும் என்று எனக்குத் தெரியும். ஒன்று வெளியே வந்தாலும் எல்லாம் முடிந்தது. கண்ணைத் திறந்தபோது அவருடைய காது இரண்டும் சிவந்திருந்தன.

"இருங்கோ ஐயா" என்றார்.

றெஜினா அக்கா வாசற்படி தாண்டி உள்ளே வந்தார். பூசை நடந்தது. அழ வந்த சனம் என்ன செய்வதென்று தெரியாமல், கைக்குட்டையை மடித்து வைப்பதும் எடுப்பதுமாக இருந்தது. சுவாமி கேட்க வேண்டியதைக் கேட்டார். பேப்பர் அண்ணை, வியர்வை வழிகிற அந்தச் செத்தவீட்டு முகத்தோடு, சனம் முழுக்கக் கேட்கச் சொன்னார்.

"ஓம்."

அவ்வளவுதான். வால் ஒன்றும் வருமோ என்று சுவாமியும் கொஞ்ச நேரம் காத்திருந்து பார்த்தார். வரவில்லை. அடுத்ததாக றெஜினா அக்காவின் பக்கம் திரும்பினார். அக்கா அண்ணையைப் பார்த்தார், மலர்வளையத்தைப் பார்த்தார், ஒரு சிரிப்பும் இல்லாத முகத்தோடு சுவாமியைப் பார்த்தார்.

"அன்னார் ஓம் எண்டிட்டார், சுவாமி. எனக்கும் ஓம்."

கோயில் சிரித்த சிரிப்பில் மெழுகுதிரி அணையாமல் விட்டது புதுமை. பிசார் ஐயாவுக்கு விக்கல் எடுத்தது. அதற்கு நடுவில் நான் ஒன்றைக் கண்டேன். பேப்பர் அண்ணை சிரித்தார். பல்லு முழுக்கத் தெரிய, தோள் குலுங்கச் சிரித்தார். சிரிக்கிறபோது கண்றாவியான முகம். இத்தனை காலம் சிரிக்காமல் இருந்ததற்கு வேறு காரணமும் இருந்திருக்கிறது. மலர்வளையத்திலிருந்து நாடாவைக் கழற்றிவிட்டு, வளையத்தை வைத்துத்தான் பொம்பிளை மாப்பிள்ளை படம் எடுத்தோம்.

அன்றைக்குத் தொடங்கி றெஜினா அக்கா அவரை வேறு பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. கடைக்கு ரெலிபோன் எடுத்து, அன்னார் வெளிக்கிட்டாரோ, அன்னாருக்கு வரும்போது பாண் வாங்கச் சொல்லுங்கோ என்பார். புதிதாக வந்த வாடிக்கையாளர்கள் அதைக் கேட்டுத் திடுக்கிடுவார்கள். பேப்பர் அண்ணை மாத்திரம், பெட்டிகளுக்குள் இருந்தபடி, ஏதோ பட்டம் கிடைத்ததுபோல் நிமிர்ந்து உட்காருவார்.

பத்திரிகை நின்றுபோனது. கடையையும் விற்றுவிட்டோம். போன மாரியில் ஒரு காலை றெஜினா அக்கா ரெலிபோன் எடுத்தார். பேப்பர் அண்ணை நித்திரையில் போய்விட்டார் என்றார். அறிவித்தல் எழுத ஆள் இல்லை, அதை எழுதுகிறவரே அவர்தானே, நீங்கள்தான் எழுதித் தர வேண்டும் என்றார். தெரிந்த வாய்ப்பாட்டில் எழுதி, ரெலிபோனிலேயே வாசித்துக் காட்டினேன். பிறப்பிடம் சரி, வதிவிடம் சரி என்று அக்கா சொல்லிக்கொண்டு வந்தார். அடுத்த சொல்லில் என்னை மறித்தார்.

"அன்னார் எண்டு போடாதேங்கோ தம்பி. அது நான் வீட்டிலை கூப்பிடுற பேர்."